பிரைட்டன் கடற்கரையில் தீன் முகமது

ஷாம்பு என்னும் சொல்லை இன்று தலைக்குத் தேய்க்கும் பொருளுக்கே நாம் வழங்குகிறோம். இந்துஸ்தானியில் அதன் முதற்பொருள் உடம்பை அழுத்திப் பிடித்துவிடுதல் என்பதாகும். அக்கலையை ஆங்கிலேயரிடையே பரப்பியவர் 1759இல் பாட்னாவில் பிறந்த சேக் தீன் முகமது ஆவார்.

கம்பெனிப் படையிலிருந்த தந்தையைச் சிறுவயதில் இழந்த அவர், பேக்கர் என்னும் படையதிகாரியின் நிழலில் வளர்ந்து, 1784இல் அயர்லாந்தின் கார்க் நகரை அடைந்தார். அங்கே ஜேன் டேலி என்னும் மங்கையை மணந்தார். 1794இல் அவர் வெளியிட்ட பயண நூலே இந்தியர் ஒருவர் ஆங்கிலத்தில் எழுதி வெளியிட்ட முதல் நூல். 1810இல் லண்டனில் திறந்த உணவகம் ஈராண்டில் அவரைக் கடனாளியாக்கியது. ஐம்பதைக் கடந்த வயதில், 1814இல், பிரைட்டன் வந்து சேர்ந்தார்.

அவ்வூர் முன்பு வெறும் மீனவர் ஊர். 1750இல் ரிச்சர்ட் ரஸ்ஸல் என்னும் மருத்துவர் கடல்நீர் நோய் தீர்க்கும் என்று இலத்தீனில் நூல் எழுதினார். குளிப்பதோடு குடிக்கவும் சொன்னார்; மக்கள் குடித்தார்கள் என்பதே வியப்பு! 1783இல் வேல்ஸ் இளவரசர் வந்தார். செல்வர் கூட்டமும் பின்தொடர்ந்தது. மருந்துக்கென வந்தோர் நடனத்துக்கும் சூதாட்டத்துக்குமாகத் தங்கலாயினர். நோய் ஒரு சாக்காயிற்று.

இக்கூட்டத்தின் நடுவே தீன் முகமது தம் நீராவிக் குளியலை நிறுவினார். நோயாளியைக் கம்பளித் துணிக் கூடாரத்துள் அமர்த்தி, மூலிகை ஆவியில் வியர்க்கச் செய்து, துணியிலுள்ள துளைகளின் வழியே கைகளை நுழைத்துப் பிடித்துவிடுவார். தொடக்கத்தில் நகைத்தவர் பலர். குணமடைந்தோர் விட்டுச்சென்ற ஊன்றுகோல்கள் பின்னர் அங்கே காட்சிப்பொருளாயின. நான்காம் ஜார்ஜும் நான்காம் வில்லியமும் அவரைத் தம் பணிக்கு அமர்த்திக்கொண்டனர்.

அவர் வாழ்வில் நெருடல்களும் உண்டு. மருத்துவப் பயிற்சி பெற்றவராகத் தம்மைக் காட்டிக்கொள்ளத் தம் வயதைப் பத்தாண்டு கூட்டிச் சொன்னார். அயல்நாட்டில் கடன்பட்டு நின்ற ஒருவருக்கு வேறு வழி இருந்ததா என்று நாம் எண்ணிப் பார்க்கிறோம்; ஆயினும் பொய் பொய்தான். மேலும், அவர் ஆங்கிலிக்கத் திருச்சபையில் இணைந்து வாழ்ந்தவர். பெயரைக் கொண்டு அவரை நம்மவர் எனப் பெருமை பேசுவோர் இதனையும் சேர்த்தே கூற வேண்டும்.

1841இல் லண்டனிலிருந்து பிரைட்டனுக்கு ரயில் வந்தது. பின்னர்த் தொழிலாளரும் கடைச் சிப்பந்திகளும் மலிவுக் கட்டணத்தில் வந்து, மாலையில் திரும்பினர். அவர்களுக்கு மருத்துவர் சீட்டு வேண்டியிருக்கவில்லை. காற்றும் மணலும் ஒருநாள் விடுதலையும் போதுமாயிருந்தன. விக்டோரியா அரசியார் 1845க்குப்பின் அவ்வூரில் தங்கவில்லை. தீன் முகமதுவும் முதுமையில் தம் குளியல் மாளிகையை இழந்தார்.

1851இல் பிரைட்டனிலேயே மறைந்தார். புனித நிக்கோலஸ் ஆலய வளாகத்திலுள்ள அவர் கல்லறைக் கல்லில் வயது 101 என்றே பொறித்திருக்கிறது.