செவ்வகங்களை நம்பலாமா என்று கேட்டவர்

எஸ்.பி.எம். கூடுதல் கணிதமோ தொடக்கக் கல்லூரிக் கணிதமோ எடுத்த மாணவர்கள் இந்தப் படத்தைப் பார்த்திருப்பீர்கள். ஒரு வளைகோடு, அதன் கீழே தோளோடு தோள் உரசி நிற்கும் மெல்லிய செவ்வகங்கள். ஒவ்வொன்றின் பரப்பளவையும் கண்டு எல்லாவற்றையும் கூட்டினால், கோட்டின் கீழுள்ள பரப்பளவு ஏறக்குறையக் கிடைத்துவிடும். இந்தக் கூட்டலுக்கு ரீமான் கூட்டுத்தொகை என்று பெயர்.

பெயரைப் பார்த்து, செவ்வகங்களை முதலில் அடுக்கியவர் ரீமான்தான் என்று நினைத்துவிட வேண்டாம். ஈராயிரம் ஆண்டுகளுக்கு முன்பே ஆர்க்கிமிடீஸ் வளைந்த உருவங்களை நேர்கோட்டு உருவங்களால் நிரப்பிப் பரப்பளவு கண்டார். பிரெஞ்சுக் கணித மேதை கோஷி 1823இல் வெளியிட்ட பாடநூலிலேயே செவ்வகக் கூட்டலைக் கொண்டு தொகையீட்டை, அதாவது இன்டெக்ரேஷனை, வரையறுத்துவிட்டார். ரீமான் பிறந்ததே அதற்கு மூன்று ஆண்டுகள் கழித்துத்தான். பிறகு ஏன் அவர் பெயர்?

பெர்ன்ஹார்ட் ரீமான் 1826 செப்டம்பர் 17ஆம் நாள் ஜெர்மனியின் ஹனோவர் நாட்டில், பிரெசலென்ஸ் என்ற சிற்றூரில் பிறந்தார். தந்தை லுத்தரன் திருச்சபைப் பாதிரியார். ஆறு பிள்ளைகள், சொற்ப வருமானம். ரீமான் நாலு பேர் முன்னால் வாய் திறக்கவே கூசுபவர். வீட்டை விட்டுப் பிரிந்தால் வாடிப்போவார். லூனபர்க் நகரில் அவர் படித்த பள்ளியின் தலைமையாசிரியர், 859 பக்கங்கள் கொண்ட லெஜாண்டரின் எண்கோட்பாட்டு நூலைக் கொடுத்தாராம். ஒரு வாரத்தில் படித்து முடித்துத் திருப்பித் தந்துவிட்டான் பையன் என்று சொல்வார்கள்.

1846இல் கோட்டிங்கன் பல்கலைக்கழகத்துக்கு அவர் போனது இறையியல் படிக்க. மகனும் பாதிரியாராகி வீட்டைத் தாங்க வேண்டும் என்பது குடும்பத்தின் எதிர்பார்ப்பு. ஆனால் மனம் கணித வகுப்புகளையே சுற்றியது. தந்தையிடம் அனுமதி கேட்டார், தந்தையும் மறுக்கவில்லை. அடுத்த ஆண்டு பெர்லினுக்குப் போய், டிரிக்லே என்ற பேராசிரியரிடம் பாடம் கேட்டார். அந்த ஆசிரியர்தான் நம் கதையின் திருப்புமுனை.

1851இல் முனைவர் பட்டம் கிடைத்தது. ஆனால் அந்தக் கால ஜெர்மனியில் அது போதாது. பல்கலைக்கழகத்தில் பாடம் நடத்த இன்னோர் ஆய்வேடு எழுத வேண்டும். பேராசிரியர்கள் முன் ஓர் உரையும் ஆற்ற வேண்டும். அதன் பிறகு கிடைப்பதும் சம்பளமில்லாத வேலைதான். மாணவர்கள் தரும் கட்டணமே வருமானம். அந்த வேலைக்காக அவர் ஏறத்தாழ இரண்டரை ஆண்டுகள் உழைத்தார்.

ஆய்வேட்டுக்கு அவர் எடுத்த தலைப்பு, எந்தெந்தச் சார்புகளை சைன், கொசைன் அலைகளின் கூட்டாக எழுத முடியும் என்பது. அந்த அலைகளின் அளவைக் கணக்கிடத் தொகையீடு தேவை. அங்கேதான் ஒரு சிக்கல். கோஷியின் வரையறை, பேனாவை எடுக்காமல் வரையக்கூடிய தொடர்ச்சியான கோடுகளுக்கு மட்டுமே பொருந்தும். அறுந்து அறுந்து ஓடும் கோடுகளை என்ன செய்வது?

முதலில் சாதுவான கோடு ஒன்றை எடுத்துக்கொள்வோம். x இன் வர்க்கத்தை 0 முதல் 1 வரை வரையுங்கள். அகலத்தைப் பத்தாகப் பிரித்து, ஒவ்வொரு துண்டின் இடது முனையில் உள்ள உயரத்தை எடுத்தால் கூட்டுத்தொகை 0.285. வலது முனையை எடுத்தால் 0.385. நூறு துண்டுகளாக்கினால் 0.32835, 0.33835. இரண்டுக்கும் உள்ள இடைவெளி 0.1இலிருந்து 0.01ஆகச் சுருங்கிவிட்டது. உண்மையான பரப்பளவான மூன்றில் ஒன்று அந்த இடைவெளிக்குள் சிக்கிக்கொள்கிறது.

இப்போது டிரிக்லே 1829இல் காட்டிய பொல்லாத சார்பைப் பாருங்கள். x பின்னமாக எழுதக்கூடிய எண் என்றால் விடை 1. இரண்டின் வர்க்கமூலம் போல அப்படி எழுத முடியாத எண் என்றால் 0. எவ்வளவு மெல்லிய துண்டை வெட்டினாலும் அதற்குள் இருவகை எண்களும் இருக்கும். முதல் வகையைத் தேர்ந்தெடுத்தால் எல்லாச் செவ்வகங்களின் உயரமும் 1, கூட்டுத்தொகை 1. மற்ற வகையைத் தேர்ந்தெடுத்தால் கூட்டுத்தொகை 0. கோடித் துண்டுகளாக்கினாலும் இதே கதைதான். நான் முதன்முதலில் இதைப் படித்தபோது, எங்கோ ஏமாற்றுகிறார்கள் என்றுதான் தோன்றியது.

ரீமான் இதிலிருந்தே தன் நிபந்தனையை அமைத்தார். ஒவ்வொரு துண்டிலும் உயரத்தை எந்தப் புள்ளியில் வேண்டுமானாலும் எடுத்துக்கொள். எப்படி எடுத்தாலும், துண்டுகள் மெலிய மெலியக் கூட்டுத்தொகை ஒரே எண்ணை நெருங்க வேண்டும். நெருங்கினால் அதுவே பரப்பளவு. நெருங்காவிட்டால் அந்தச் சார்புக்குத் தொகையீடு இல்லை.

இதோடு அவர் நிற்கவில்லை. துண்டுக்குள் உயரம் அதிகமாக ஆடினால்தான் ஆபத்து. அப்படி ஆடும் துண்டுகளின் மொத்த அகலத்தை எவ்வளவு வேண்டுமானாலும் சிறிதாக்க முடியுமானால் சார்பு தேறிவிடும் என்று காட்டினார். எவ்வளவு சிறிய இடைவெளியிலும் எண்ணற்ற இடங்களில் அறுந்து கிடக்கும் சார்பு ஒன்றைத் தானே உருவாக்கி, அதற்கும் பரப்பளவு உண்டு என்று நிறுவினார். இவ்வளவும் ஆய்வேட்டின் நடுவே சில பக்கங்களில் முடிந்துவிடுகிறது.

1853 டிசம்பரில் ஆய்வேட்டைக் கொடுத்தார். உரைக்கு அவர் தந்த மூன்று தலைப்புகளில் முதல் இரண்டைத்தான் தயார் செய்திருந்தார். முதிய காஸ் மூன்றாவதைத் தேர்ந்தெடுத்தார்! வடிவியலின் அடிப்படைகள் பற்றி 1854 ஜூன் 10இல் நிகழ்ந்த அந்த உரையே பின்னாளில் ஐன்ஸ்டீனின் பொதுச் சார்பியலுக்குக் கணிதம் கொடுத்தது. அதன் புகழில் ஆய்வேடு பின்னுக்குப் போய்விட்டது. ரீமானும் அதை அச்சுக்குக் கொடுக்கவில்லை.

முதல் வகுப்புக்கு வந்த மாணவர்கள் எட்டுப் பேர். அதற்கே அவர் மகிழ்ந்தார். 1855இல் தந்தையும் ஒரு சகோதரியும் இறந்தார்கள். இரண்டு ஆண்டுகளில் குடும்பத்தைத் தாங்கிவந்த தம்பியும் போனார். மீதமிருந்த சகோதரிகள் ரீமானின் பொறுப்பில் வந்தனர். 1859இல் டிரிக்லே மறைந்தபின் அந்தப் பேராசிரியர் பதவி ரீமானுக்குக் கிடைத்தது. அதன் பிறகே வீட்டில் பணத்தட்டுப்பாடு நீங்கியது. 1862இல் எலிசா கோக்கைத் திருமணம் செய்துகொண்டார். சில மாதங்களிலேயே நெஞ்சுச் சளியில் தொடங்கிய நோய் காசநோயாக முற்றியது. வெயிலைத் தேடி இத்தாலிக்குப் பலமுறை போனார்; மகள் ஐடா பீசா நகரில் பிறந்தாள். 1866 ஜூலை 20ஆம் நாள், மஜ்ஜோரே ஏரிக்கரையில் உள்ள செலாஸ்கா என்ற ஊரில் அவர் உயிர் பிரிந்தது. வயது 39.

கோட்டிங்கன் வீட்டில் இருந்த காகிதங்களில் சிலவற்றை, சுத்தம் செய்த பணிப்பெண் குப்பையென்று அழித்துவிட்டதாக ஒரு செய்தி உண்டு. தப்பியவை நண்பர் டெடகிண்ட் கைக்கு வந்தன. 1853இன் அந்த ஆய்வேட்டை அவர்தான் அச்சேற்றினார். உங்கள் பாடநூலில் உள்ள செவ்வகங்களுக்கு ரீமானின் பெயர் வந்தது அதற்குப் பிறகுதான்.