கரையான் புற்றைத் திறந்து பார்த்த வைத்தியர்

இடி இடித்து மழை பெய்தால் புற்றில் காளான் பூக்கும் என்பார்கள் நம் பெரியவர்கள்.

சுங்குவார்சத்திரம் பக்கம் இன்று எங்கு பார்த்தாலும் தொழிற்சாலைகள். ஆனாலும் நல்ல மழைக்கு மறுநாள் ஏரிக்கரையிலும் தரிசு நிலத்திலும் காளான் தலைகாட்டத்தான் செய்யும். பார்த்தவர்களுக்குக் குழம்பு வைக்க ஆசை வரும்.

புற்றுக்கும் காளானுக்கும் என்ன உறவு? புற்றுக்குள் வளரும் பூஞ்சையைப் பற்றி 1779-லேயே எழுதியவர் ஒரு வெளிநாட்டு வைத்தியர். அவர் பெயர் யோகான் கெர்கார்டு கோனிக்.

தரங்கம்பாடிக்கு வந்தார்

கோனிக் 1728-ல் லிவோனியாவில் பிறந்தார். அது இன்றைய லாத்வியா நாட்டுப் பகுதி.

ஸ்வீடன் நாட்டு மேதை லின்னேயசிடம் செடி கொடிகளைப் பற்றிப் படித்தார். ஒரு செடிக்குப் பெயர் சொல்லும் முன் அதை உறுப்பு உறுப்பாகப் பார்க்க வேண்டும். இதுதான் அங்கே கற்ற பாடம்.

1768-ல் டேனிஷ்காரர் வசம் இருந்த தரங்கம்பாடிக்கு வைத்தியராக வந்தார். நோயாளிகளைப் பார்த்த நேரம் போக, காடு மேடு எல்லாம் அலைந்து செடிகளைச் சேர்த்தார்.

1774-ல் ஆற்காட்டு நவாபிடம் வேலைக்குச் சேர்ந்தார். 1778-ல் கிழக்கிந்தியக் கம்பெனி அவரை எடுத்துக்கொண்டது. சயாம், மலாக்கா வரை போய் வந்தார்.

புற்றுக்குள் ஒரு தோட்டம்

கரையான்களைப் பற்றி அவர் எழுதிய கட்டுரை 1779-ல் பெர்லினில் வெளிவந்தது. புற்றுக்குள் கடற்பஞ்சு போன்ற அடைகள் இருக்கும். அவற்றின் மேல் வெண்மையான பூஞ்சை வளரும். அதை அவர் கவனித்து எழுதினார்.

கரையான் காய்ந்த இலை, குச்சிகளைத் தின்று அந்த அடையைக் கட்டுகிறது. பூஞ்சை அதில் வளர்ந்து, கரையானுக்கே உணவாகிறது. மழைக்காலத்தில் அந்தப் பூஞ்சைதான் மண்ணைத் துளைத்துக்கொண்டு குடையாக வெளியே வருகிறது. அதுவே புற்றுக் காளான். 1942-ல் இந்த இனத்துக்கு டெர்மிட்டோமைசிஸ் என்று பெயர் வைத்தார்கள்.

நல்லதும் கெட்டதும்

புற்றுக் காளானின் தண்டு மண்ணுக்குள் வேர்போல நீண்டு கரையான் கூடு வரை போகும். பல வகைகளில் குடையின் நடுவே கூரான முனை இருக்கும்.

புல்வெளியில் முளைக்கும் ஒரு நச்சுக் காளானும் வெள்ளைக் குடைதான். முற்றியதும் அதன் அடிமடிப்புகள் பச்சை நிறமாகும். தண்டில் வளையம் இருக்கும். தின்றால் கடும் வாந்தி, பேதி.

உயிரையே குடிக்கும் அமானிடா வகைகள் சிலவற்றின் தண்டின் அடியில் பை போன்ற உறை இருக்கும். தண்டை மேலோடு ஒடித்துப் பறித்தால் உறை மண்ணிலேயே தங்கிவிடும், அடையாளமும் போய்விடும்.

வெள்ளிக் கரண்டி கறுக்கிறதா என்று பார்ப்பதும், பூச்சி தின்றதா என்று பார்ப்பதும் வீண். கொதிக்க வைத்தாலும் அமானிடா விஷம் போகாது. வாந்தி தொடங்கவே 6 மணி நேரத்துக்கு மேல் ஆகலாம். பிறகு உடம்பு தேறியது போலத் தோன்றும். அதற்குள் ஈரல் கெட்டுக்கொண்டிருக்கும். 2022 ஏப்ரலில் அஸ்ஸாமில் காட்டுக் காளான் தின்ற 13 பேர் இறந்தார்கள்.

கடைசிக் காலம்

கோனிக் 1785-ல் காக்கிநாடா அருகே காலமானார். அவருடைய குறிப்புகள் லண்டனில் இருந்த சர் ஜோசப் பாங்க்ஸிடம் போய்ச் சேர்ந்தன.

கற்றறிந்த அந்த வைத்தியர் புற்றின் உள்ளே பார்த்த பிறகே எழுதினார். குடையின் வெண்மையை மட்டும் பார்த்து நாம் சட்டியில் போடலாமா?

அடையாளம் ஒன்று பொருந்தினால் போதாது. நன்றாக அறிந்தவர் நேரில் பார்த்துச் சொல்லாத காளானைத் தொடாதீர்கள். தின்றபின் வயிறு புரட்டினால் உடனே ஆஸ்பத்திரிக்குப் போங்கள். மீதிக் காளானையும் கையோடு கொண்டு போங்கள்.

சந்தேகம் வந்த காளானைக் குப்பையில் எறிந்தால் ஒரு வேளைக் குழம்புதான் நஷ்டம்.