இரும்பைத் தேடிய பாரிங்கர்

அமெரிக்க ஐக்கிய நாடுகளின் அரிசோனா மாநிலத்தில், மரமற்ற வறண்ட சமவெளியின் நடுவே ஒரு பெரும் பள்ளம் இருக்கிறது. அதன் குறுக்களவு ஏறத்தாழ 1.2 கிலோமீட்டர், ஆழம் 170 மீட்டர். கரை கட்டினாற்போல் அதன் விளிம்பு சுற்றிலும் தரைமட்டத்துக்கு மேல் சுமார் 45 மீட்டர் உயர்ந்து நிற்கிறது. தொலைவிலிருந்து நோக்குவோர்க்கு அது ஒரு தாழ்ந்த குன்றாகத் தோன்றும். ஏறி நின்று பார்த்தால்தான் கிண்ணம் போன்ற பள்ளம் கண்ணில் படும். இந்தப் பள்ளத்தோடு தம் பெயரையும், செல்வத்தையும், வாழ்நாளில் 27 ஆண்டுகளையும் பிணைத்துக்கொண்டவர் டேனியல் மோரோ பாரிங்கர். வானிலிருந்து விழும் பொருள் மண்ணில் இத்தகைய பள்ளத்தைத் தோண்டவல்லது என்பதை அறிஞர் உலகம் ஏற்க மறுத்த காலத்தில், சான்றுகளை அடுக்கிக் காட்டிய பெருமை அவருக்கு உண்டு. அந்தப் பெருமையும் அவர் அடைந்த பெருநட்டமும் ஒரே வேரில் முளைத்தவை. அதனாலேயே அவர் வரலாறு அறிவியல் பயில்வோர் அறியத்தக்கது.

பாரிங்கர் 1860ஆம் ஆண்டு மே மாதம் 25ஆம் நாள் வட கரோலினா மாநிலத்தின் ராலே நகரில் பிறந்தார். தந்தையார் அமெரிக்க நாடாளுமன்ற உறுப்பினராகவும் ஸ்பெயின் நாட்டுத் தூதராகவும் இருந்தவர். மகன் பத்தொன்பதாம் வயதிலேயே பிரின்ஸ்டனில் பட்டம் பெற்றார். பின்பு பென்சில்வேனியாப் பல்கலைக்கழகத்தில் சட்டம் பயின்று வழக்கறிஞரானார். ஆனால் நீதிமன்றத்தைவிட மலையும் காடும் அவரை மிகுதியாக ஈர்த்தன. மண்ணியலும் கனிமவியலும் கற்றுக்கொண்டு சுரங்கத் தொழிலில் இறங்கினார். அரிசோனாவின் காமன்வெல்த் வெள்ளிச் சுரங்கத்தில் பங்காளியாகச் சேர்ந்து பெருஞ்செல்வரானார். சுரங்கச் சட்டம் பற்றி நூலும் எழுதினார். நிலத்தடியில் இருப்பதை மேலிருக்கும் அடையாளங்களைக் கொண்டு கணித்து, அதன்மேல் பணத்தைத் துணிந்து போடும் தொழில் அவருக்குக் கைவந்த கலையாயிற்று.

1902ஆம் ஆண்டில், அவருக்கு நாற்பத்திரண்டு வயதான போது, அரிசோனாப் பள்ளத்தைப் பற்றிய பேச்சு அவர் காதில் விழுந்தது. பள்ளத்தைச் சுற்றிய நிலத்தில் இரும்புத் துண்டுகள் சிதறிக் கிடக்கின்றன என்றும், வானத்திலிருந்து விழுந்த ஏதோ ஒன்றுதான் பள்ளத்தை உண்டாக்கியது என்று அவ்வட்டாரத்தார் நம்புகின்றனர் என்றும் அவர் கேள்விப்பட்டார். அத்துண்டுகள் விண்கற்களே என்பதில் ஐயமில்லை. 1891ஆம் ஆண்டிலேயே ஃபுட் என்னும் கனிம வல்லுநர் அவற்றை ஆராய்ந்து, அவற்றினுள் மிகச் சிறிய வைரங்கள் இருப்பதையும் கண்டறிந்திருந்தார். பாரிங்கரின் மனம் உடனே கணக்குப் போட்டது. இவ்வளவு பெரிய பள்ளத்தைத் தோண்டிய விண்கல் எவ்வளவு பெரிதாக இருந்திருக்கவேண்டும்! அது முழுவதும் இரும்பும் நிக்கலுமாகப் பள்ளத்தின் அடியில் புதைந்து கிடக்கவேண்டுமே! அதன் எடை பத்துக் கோடி டன் இருக்கலாம் என்று அவர் மதிப்பிட்டார். பள்ளத்தை நேரில் காணுமுன்னரே நிலத்தின் உரிமையைப் பெற முனைந்தார். 1903ஆம் ஆண்டில், பெஞ்சமின் டில்க்மன் என்னும் நண்பரைத் துணைகொண்டு, ஸ்டாண்டர்ட் இரும்புக் கம்பெனியைத் தொடங்கினார்.

அவருக்கு முன்னே ஒரு பெரிய தடை நின்றது. அமெரிக்க மண்ணியல் ஆய்வுத் துறையின் தலைமை மண்ணியலாளரான குரோவ் கார்ல் கில்பர்ட் 1891ஆம் ஆண்டிலேயே அப்பள்ளத்தை ஆராய்ந்து முடித்திருந்தார். அவர் செய்த சோதனைகள் இரண்டு. பெரிய விண்கல் ஒன்று உள்ளே புதைந்திருந்தால், அது பள்ளத்தின் ஒரு பகுதியை அடைத்துக்கொண்டிருக்கும்; எனவே விளிம்பில் குவிந்த மண்ணின் அளவு பள்ளத்தின் கொள்ளளவைவிட மிகுதியாக இருக்கவேண்டும். இரண்டும் ஏறக்குறையச் சமமாக இருந்தன. அடுத்து, அத்தனை இரும்பு அடியில் இருந்தால் காந்த ஊசி திரும்பவேண்டும். ஊசி அசையவில்லை. ஆகவே, பூமிக்கடியில் எரிமலை வெப்பத்தால் உண்டான நீராவி வெடித்ததே பள்ளத்துக்குக் காரணம் என்று அவர் முடிவு கட்டினார். வேடிக்கை என்னவென்றால், சந்திரனில் காணும் பள்ளங்கள் மோதலால் உண்டானவை என்று அக்காலத்திலேயே வாதிட்டவரும் இதே கில்பர்ட்தான். சந்திரனில் ஒப்புக்கொண்டதைத் தம் காலடியில் அவர் ஒப்புக்கொள்ளவில்லை. அவருடைய புகழுக்கு அஞ்சி மற்றவர்களும் அம்முடிவையே ஏற்றனர்.

பாரிங்கர் அஞ்சவில்லை. பள்ளத்தையும் விளிம்பையும் அங்குலம் அங்குலமாக ஆராய்ந்தார். எரிமலைப் பாறை எதுவும் அங்கே இல்லை. விளிம்பில் பாறை அடுக்குகள் தலைகீழாகப் புரண்டு கிடந்தன. சமவெளியில் மேலே இருக்கும் அடுக்கு விளிம்பில் கீழேயும், கீழே இருக்கும் அடுக்கு மேலேயும் இருந்தன. மணற்பாறையின் மணிகள் மாவாக இடிபட்டு, டன் கணக்கில் வெண்பொடியாகக் கிடந்தன. நீராவியோ எரிமலையோ பாறையை அவ்வாறு அரைக்காது. மேலும், விண்கல் துண்டுகள் விளிம்பின் சிதைகூளங்களோடு கலந்து கிடந்தன. பள்ளம் ஒரு காலத்திலும் விண்கற்கள் வேறொரு காலத்திலும் வந்திருந்தால் இவ்விரண்டும் இப்படிக் கலந்திரா. ஆகவே இரண்டும் ஒரே கணத்தில் நிகழ்ந்தவை. இச்சான்றுகளைப் பாரிங்கரும் டில்க்மனும் 1905ஆம் ஆண்டு முடிவில் பிலடெல்பியா இயற்கை அறிவியற் கழகத்தின் முன் வைத்தனர். அச்சான்றுகளில் பெரும்பாலானவை இன்றளவும் அசைக்கப்படவில்லை.

பள்ளத்தைப் பற்றிய உண்மை கையில் அகப்பட்டது, இரும்போ அகப்படவில்லை. 1908 வரை பள்ளத்தின் நடுவில் துளைமேல் துளையாக இட்டனர். விண்கல்லின் சிறு துணுக்குகள் கிடைத்தன. பெருந்திரள் எங்கும் தட்டுப்படவில்லை. வேறொருவராயின் கைகழுவியிருப்பார். பாரிங்கரோ துப்பாக்கியை எடுத்துச் சேற்றுமண்ணில் சாய்வாகச் சுட்டுப் பார்த்தார். குண்டு சாய்வாகப் பாய்ந்தபோதும் துளை வட்டமாகவே அமைந்தது. அப்படியானால் வட்டப்பள்ளம் இருப்பதால் விண்கல் செங்குத்தாக விழுந்தது என்று கொள்ளவேண்டியதில்லை. அது வடக்கிலிருந்து சாய்வாக வந்து, தெற்கு விளிம்பின் கீழே புதைந்திருக்கவேண்டும் என்று முடிவு செய்தார்.

தெற்கு விளிம்பில் 1920 முதல் வேறொரு நிறுவனத்தின் துணையோடு துளையிட்டனர். 1,376 அடி ஆழத்தில் துளைக்கருவி சிக்கிக்கொண்டது, பணமும் தீர்ந்தது. பெருந்திரளின்மேல் மோதியதால்தான் கருவி நின்றது என்று பாரிங்கர் உறுதியாக நம்பினார். மீண்டும் பங்குதாரர்களைத் திரட்டி, 1926இல் புதிய கம்பெனி ஒன்று தொடங்கப்பெற்றது. சுரங்கக் கிணறு தோண்டினர். கிணற்றில் நீர் பெருகி வேலையைத் தடுத்தது. எட்டுப் பிள்ளைகளின் தந்தையான பாரிங்கர் தம் செல்வத்தின் பெரும்பகுதியை இவ்வாறு மண்ணில் கொட்டினார்.

1929இல் கம்பெனியின் தலைவர், மேலும் பணம் போடுமுன், ஃபாரஸ்ட் ரே மோல்ட்டன் என்னும் வானியற் கணித வல்லுநரின் கருத்தைக் கேட்டார். மோல்ட்டன் பள்ளத்தைத் தோண்டப் போகவில்லை, தாளில் கணக்கிட்டார். விண்கல்லின் வேகத்தையும் பள்ளம் தோண்டத் தேவையான ஆற்றலையும் ஒப்பிட்டுப் பார்த்து, விண்கல்லின் எடை சுமார் மூன்று லட்சம் டன் மட்டுமே இருந்திருக்கும் என்றார். எதிர்பார்ப்பைக் குறைத்துக்கொண்ட பின்னரும் பாரிங்கர் நம்பியது ஒரு கோடி டன். கணக்கு காட்டியது அதில் நூற்றுக்கு மூன்று பங்குதான். அந்தச் சிறு பங்கும் மோதிய கணத்திலேயே ஆவியாகிச் சிதறியிருக்கும் என்றும் மோல்ட்டன் சொன்னார். பாரிங்கர் வன்மையாக மறுத்தார். நவம்பர் 24ஆம் நாள், 127 பக்கங்கள் கொண்ட இரண்டாம் அறிக்கை வந்தது. முடிவு மாறவில்லை. தோண்டும் வேலை நின்றது. நவம்பர் 30ஆம் நாள் பாரிங்கர் மாரடைப்பால் காலமானார். அப்போது அவருக்கு வயது அறுபத்தொன்பது.

மோல்ட்டனின் கணக்கைச் சற்றே பார்ப்போம். இயக்க ஆற்றல் வேகத்தின் வர்க்கத்தைப் பொறுத்தது என்பதை நாம் பள்ளியிலேயே படித்திருக்கிறோம். விநாடிக்கு 12 கிலோமீட்டர் வேகத்தில் வரும் ஒரு கிலோகிராம் இரும்பின் ஆற்றல் 7 கோடியே 20 லட்சம் ஜூல். ஒரு கிலோகிராம் டி.என்.டி. வெடிமருந்து வெளியிடும் ஆற்றலைப்போல் இது 17 மடங்கு. இவ்வளவு ஆற்றலோடு வரும் பொருள் துப்பாக்கிக் குண்டுபோல் மண்ணைத் துளைத்துக்கொண்டு போவதில்லை. மோதிய இடத்தில் அதிர்ச்சி அலை பிறந்து பாறைக்குள்ளும் விண்கல்லுக்குள்ளும் பாய்கிறது. பாறை நசுங்கி, உடைந்து, மேலும் வெளியுமாக வீசப்படுகிறது; மேலடுக்குகள் மடிந்து விளிம்பின்மேல் கவிழ்கின்றன. விண்கல்லோ பெரும்பாலும் உருகியும் ஆவியாகியும் சிதறிப்போகிறது. நிகழ்வது ஒரு வெடிப்பே ஆதலால், மிகத் தாழ்ந்த சாய்வில் வந்தாலன்றிப் பள்ளம் வட்டமாகவே அமைகிறது. சுமார் 50 மீட்டர் அளவுள்ள இரும்பு விண்கல் ஒன்று, ஏறத்தாழ 50,000 ஆண்டுகளுக்கு முன் மோதி அரிசோனாப் பள்ளத்தை உண்டாக்கியது என்பது இன்றைய அறிவியலின் முடிவு.

இங்கே ஒன்றைக் கவனிக்கவேண்டும். கில்பர்ட்டும் பாரிங்கரும் எதிரெதிர்க் கட்சியினர். ஆயினும் இருவரும் ஒரே நம்பிக்கையின்மேல் நின்றனர். விண்கல் விழுந்திருந்தால் அது உள்ளே இருந்தாகவேண்டும் என்பதே அந்த நம்பிக்கை. இரும்பு இல்லை, ஆகவே விண்கல் விழவில்லை என்றார் ஒருவர். விண்கல் விழுந்தது, ஆகவே இரும்பு உண்டு என்றார் மற்றவர். ஒருவர் அளவையில் பிழையில்லை. மற்றவர் சான்றில் பிழையில்லை. இருவரும் கேள்விக்கு உட்படுத்தாது விட்ட அந்த ஒன்றே இருவரையும் வழுக்கியது. பள்ளத்தைத் தோண்டிய அதே ஆற்றல்தான் பாரிங்கர் தேடிய செல்வத்தையும் அழித்துவிட்டது.

அவர் மறைந்த பின் உண்மை மெல்ல மெல்ல வலுப்பெற்றது. யூஜின் ஷூமேக்கர் என்னும் மண்ணியலாளர் அரிசோனாப் பள்ளத்தை நெவாடாவின் அணுகுண்டுச் சோதனைப் பள்ளங்களோடு ஒப்பிட்டு, இரண்டின் அமைப்பும் ஒத்திருப்பதைக் காட்டினார். 1960இல் அவரும் அவருடைய தோழர்களும் பாரிங்கர் கண்ட அதே மணற்பாறையில் கோயசைட் என்னும் தாதுவைக் கண்டனர். 1953இல் முதன்முதலாக ஆய்வுக்கூடத்தில் ஆக்கப்பெற்ற அத்தாது உண்டாக, வளிமண்டல அழுத்தத்தைப்போல் இருபதாயிரம் மடங்குக்கு மேற்பட்ட அழுத்தம் வேண்டும். நிலத்தின் மேற்பரப்பில் எந்த எரிமலையும் அதைத் தர இயலாது. ஐயம் நீங்கியது. சந்திரனுக்குச் சென்ற விண்வெளி வீரர்கள் பயிற்சி பெற்றதும் இப்பள்ளத்தில்தான்.

நம் நாட்டிலும் இதற்கொரு தம்பி உண்டு. மகாராஷ்டிர மாநிலத்தின் புல்டாணா மாவட்டத்தில் உள்ள லோணார் ஏரி, தக்காணத்து எரிமலைப் பாறையில் சுமார் 1.8 கிலோமீட்டர் அகலத்தில் அமைந்த பள்ளம். சுற்றிலும் எரிமலைப் பாறையே இருந்தமையால் அதையும் எரிமலையின் வேலை என்று நெடுங்காலம் எண்ணினர். துளையிட்டு எடுத்த பாறைகளில், அதிர்ச்சியால் கண்ணாடியாக மாறிய தாதுக்கள் இருப்பதை 1973இல் வெளிவந்த ஆய்வு காட்டிய பிறகே அதுவும் மோதற்பள்ளம் என்பது உறுதியாயிற்று. விடுமுறையில் அவ்வழியே ஊர் திரும்பும் நண்பர்கள் ஒருமுறை இறங்கிப் பார்த்து வரலாம்.

அரிசோனாப் பள்ளம் இன்றும் பாரிங்கர் குடும்பத்தாரின் உடைமையாகவே இருக்கிறது. அறிஞர்கள் அதைப் பாரிங்கர் பள்ளம் என்றே வழங்குகின்றனர். சந்திரனின் மறுபக்கத்திலுள்ள ஒரு பள்ளத்துக்கும் அவர் பெயர் இடப்பட்டுள்ளது. மோதற்பள்ள ஆய்வில் சிறந்தோர்க்கு அவர் பெயரால் பதக்கமும் வழங்கப்பெறுகிறது. ஊதியத்தை நாடிச் சென்றவர் உண்மையைக் கொண்டுவந்து சேர்த்தார். கையில் வந்த உண்மையின் மதிப்பை, கிடைக்காத இரும்பை எண்ணி அவர் குறைத்து மதித்தது ஒன்றே நமக்கு வருத்தம் தருவது. ஆய்வுக்கூடத்தில் எதிர்பார்த்தது வாராது சலித்திருக்கும் நம்மில் பலர், வந்திருப்பது என்ன என்பதையும் ஒருமுறை நின்று பார்ப்பது நல்லது.