மைக்கேல் ஃபாரடே: கொல்லரின் மகன் உலகுக்கு அளித்த மின்சாரம்

லண்டன் நகரின் ஆல்பமார்ல் வீதியில் உள்ள ராயல் இன்ஸ்டிட்யூஷன் என்ற அறிவியல் நிறுவனத்தின் ஆய்வுக்கூடத்தில், 1831ஆம் ஆண்டு அக்டோபர் 17ஆம் தேதி, நாற்பது வயதான ஒருவர் ஓர் எளிய பரிசோதனையைச் செய்தார். உள்ளீடற்ற காகித உருளை ஒன்றின் மீது செப்புக் கம்பி சுருள்சுருளாகச் சுற்றப்பட்டிருந்தது. கம்பியின் முனைகள், மின்னோட்டத்தைக் காட்டும் கால்வனாமீட்டர் கருவியுடன் இணைக்கப்பட்டிருந்தன. எட்டரை அங்குல நீளமுள்ள காந்தத் தண்டு ஒன்றை அவர் அந்த உருளைக்குள் சட்டென்று செலுத்தியபோது, கருவியின் முள் அசைந்தது. காந்தம் உள்ளே அசையாமல் கிடந்தபோது முள்ளும் பழைய நிலைக்குத் திரும்பி நின்றுவிட்டது. காந்தத்தை வெளியே இழுத்தபோது முள் எதிர்ப்புறமாக அசைந்தது.

மின்கலம் எதுவும் அந்தக் கம்பியுடன் இணைக்கப்பட்டிருக்கவில்லை. காந்தத்தின் அசைவு ஒன்றே மின்சாரத்தைப் பிறப்பித்தது. அணைக்கட்டுகளிலும், அனல் மின் நிலையங்களிலும், அணு மின் நிலையங்களிலும், காற்றாலைகளிலும் இன்றும் மின்சாரம் உற்பத்தியாவது இந்தத் தத்துவத்தின் அடிப்படையில்தான்.

அந்தப் பரிசோதனையைச் செய்த மைக்கேல் ஃபாரடே பல்கலைக்கழகத்தில் பயின்றவர் அல்ல. கணிதம் அறிந்தவரும் அல்ல. பிறப்பும் செல்வமும் சமயமும் ஒருவரின் கல்வியைத் தீர்மானித்த ஒரு சமூகத்தில், அவர் அந்த ஆய்வுக்கூடத்தை அடைந்த விதம், அறிவியல் வரலாற்றுக்கு மாத்திரமன்றி அரசியல் வரலாற்றுக்கும் உரிய விடயமாகும்.

புத்தகக் கடையில் தொடங்கிய கல்வி

ஃபாரடே 1791ஆம் ஆண்டு செப்டம்பர் 22ஆம் தேதி, இன்றைய தெற்கு லண்டனில் உள்ள நியூவிங்டன் பட்ஸ் என்ற இடத்தில் பிறந்தார். அவரது தந்தை ஜேம்ஸ், வட இங்கிலாந்திலிருந்து பிழைப்புத் தேடி வந்த கொல்லர். உடல்நலம் குன்றியிருந்த தந்தையின் வருமானம் குடும்பத்துக்குப் போதுமானதாக இருக்கவில்லை. எழுதப் படிக்கவும் சிறிது கணக்குப் பார்க்கவும் கற்றதுடன் மகனின் பள்ளிக் கல்வி முடிவடைந்தது.

அவரது குடும்பம் சாண்டமேனியர் என்ற சிறிய கிறிஸ்தவப் பிரிவைச் சேர்ந்தது. பைபிளை எழுத்துக்கு எழுத்து ஏற்று, செல்வம் சேர்ப்பதைத் தவறென்று கருதிய பிரிவு அது. ஆங்கிலத் திருச்சபையின் கோட்பாடுகளை ஏற்காதவர்கள் ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் சேரவோ, கேம்பிரிட்ஜில் பட்டம் பெறவோ அக்காலத்தில் அனுமதிக்கப்படவில்லை. ஆகவே, குடும்பத்திடம் பணம் இருந்திருந்தாலும் ஃபாரடேக்கு அந்தக் கதவுகள் திறந்திருக்க மாட்டா.

1804ஆம் ஆண்டில் ஜார்ஜ் ரீபோ என்பவரின் புத்தகக் கடையில் எடுபிடிச் சிறுவனாகச் சேர்ந்த அவர், மறு ஆண்டு அங்கேயே புத்தகம் கட்டும் தொழிலில் ஏழாண்டுப் பயிற்சியைத் தொடங்கினார். கட்டுவதற்காக வந்த நூல்களை அவர் வாசிக்கவும் செய்தார். பிரிட்டானிக்கா கலைக்களஞ்சியத்தில் மின்சாரம் குறித்து இருந்த கட்டுரையும், ஜேன் மார்செட் என்ற பெண்மணி வேதியியலை உரையாடல் வடிவில் விளக்கி எழுதிய நூலும் அவரது போக்கை மாற்றின. பெண்களுக்குப் பல்கலைக்கழகம் மறுக்கப்பட்டிருந்த காலத்தில் ஒரு பெண் எழுதிய நூல், பல்கலைக்கழகம் மறுக்கப்பட்ட ஓர் ஏழை இளைஞருக்கு ஆசிரியராக அமைந்தது. மார்செட்டுக்குத் தாம் பட்ட கடனை ஃபாரடே வாழ்நாள் முழுவதும் நன்றியுடன் குறிப்பிட்டு வந்தார்.

கைவினைஞர்களும் எழுத்தர்களும் கூடி அறிவியல் பயின்ற ஒரு மாலைநேரச் சங்கத்தின் விரிவுரைகளுக்கும் அவர் சென்றார். அதற்கான ஒரு ஷில்லிங் கட்டணத்தைக் கொல்லராகத் தொழில் செய்த அவரது அண்ணன் கொடுத்தார்.

1812ஆம் ஆண்டில், கடைக்கு வந்த வாடிக்கையாளர் ஒருவர் அளித்த அனுமதிச் சீட்டுகளுடன், புகழ்பெற்ற வேதியியல் அறிஞர் ஹம்ஃப்ரி டேவியின் நான்கு விரிவுரைகளை ராயல் இன்ஸ்டிட்யூஷனில் ஃபாரடே கேட்டார். தாம் எடுத்த குறிப்புகளை விரித்து எழுதி, படங்கள் வரைந்து, தம் கையாலேயே நூலாகக் கட்டி டேவிக்கு அனுப்பினார். 1813ஆம் ஆண்டு மார்ச் மாதத்தில் அங்கு உதவியாளர் பணியிடம் ஒன்று காலியானபோது, வாரத்துக்கு 25 ஷில்லிங் ஊதியத்தில், மாடியில் இரண்டு அறைகளுடன் அவருக்கு அந்த வேலை கிடைத்தது.

உதவியாளரா, பணியாளரா?

அதே ஆண்டு அக்டோபரில் டேவி தம் மனைவியுடன் ஐரோப்பியப் பயணம் புறப்பட்டார். பிரிட்டனும் பிரான்ஸும் போரில் ஈடுபட்டிருந்தபோதிலும், நெப்போலியனின் அரசு டேவிக்குப் பயண அனுமதி வழங்கியிருந்தது. உதவியாளராக உடன் சென்ற ஃபாரடே, டேவியின் பணியாள் கடைசி நேரத்தில் வர மறுத்ததால் அந்த வேலைகளையும் செய்ய நேர்ந்தது. டேவியின் மனைவி அவரை வேலைக்காரராகவே நடத்தியதாக அவரது கடிதங்களிலிருந்து அறிய முடிகிறது. எனினும், பாரிஸில் ஆம்பியரையும் மிலானில் வோல்ட்டாவையும் சந்திக்கும் வாய்ப்பும் அந்தப் பயணத்திலேயே அவருக்குக் கிட்டியது.

வர்க்க வேறுபாடு பின்னரும் அவரைப் பின்தொடர்ந்தது. மின்னோட்டம் பாயும் கம்பியின் அருகே காந்த ஊசி திரும்புவதை டென்மார்க்கின் ஓர்ஸ்டெட் 1820ஆம் ஆண்டில் கண்டறிந்தார். மறு ஆண்டு, காந்தத்தைச் சுற்றிக் கம்பியைத் தொடர்ந்து சுழலச் செய்து காட்டினார் ஃபாரடே. மின் மோட்டாரின் முதல் வடிவம் அது. ஆனால், மூத்த அறிஞரான வொலஸ்டனின் யோசனையை உரிய அங்கீகாரமின்றி அவர் எடுத்துக்கொண்டதாகக் குற்றச்சாட்டு எழுந்தது. வொலஸ்டன் எதிர்பார்த்தது வேறு விதமான சுழற்சி என்பது பின்னர் தெளிவானபோதிலும், ஃபாரடேயின் நற்பெயர் சில காலம் சந்தேகத்துக்குள்ளானது.

1823ஆம் ஆண்டில் ராயல் சொசைட்டியின் உறுப்பினராக அவரது பெயர் முன்மொழியப்பட்டபோது, அதன் தலைவராக இருந்த டேவியே அதனை எதிர்த்தார். 1824ஆம் ஆண்டு ஜனவரியில் இரகசிய வாக்கெடுப்பு நடைபெற்றது. எதிராக விழுந்தது ஒரேயொரு வாக்கு. தம்மை உயர்த்திவிட்டவரே தம்மைத் தடுக்க முயன்றபோதும், ஃபாரடே டேவியைப் பற்றிப் பொதுவில் மரியாதைக் குறைவாகப் பேசவில்லை.

பத்தாண்டுத் தேடல்

மின்சாரத்தால் காந்த விளைவை உண்டாக்க முடியுமென்றால், காந்தத்தால் மின்சாரத்தை உண்டாக்க முடியாதா என்ற கேள்வியை ஐரோப்பாவில் பலரும் எழுப்பினர். ஆனால், காந்தத்தைக் கம்பியின் அருகே வைத்தாலே மின்சாரம் தொடர்ந்து பாயும் என்று பெரும்பாலானோர் எதிர்பார்த்தனர்.

ஜெனீவாவைச் சேர்ந்த கொலடோன் என்ற இளம் ஆய்வாளர் 1825ஆம் ஆண்டில் காந்தத்தைக் கம்பிச் சுருளுக்குள் செலுத்தியும் பார்த்தார். ஆனால், காந்தம் கருவியின் முள்ளைப் பாதித்துவிடக் கூடாது என்பதற்காக, கால்வனாமீட்டரை வேறோர் அறையில் வைத்திருந்தார். அவர் அந்த அறைக்கு நடந்து செல்வதற்குள் முள் அசைந்து ஓய்ந்துவிட்டிருந்தது.

1831ஆம் ஆண்டு ஆகஸ்ட் 29ஆம் தேதி, ஆறு அங்குல விட்டமுள்ள இரும்பு வளையம் ஒன்றின் இருபுறங்களிலும் தனித்தனியே கம்பிகளைச் சுற்றி, ஒன்றை மின்கலத்துடன் ஃபாரடே இணைத்தார். இணைத்த கணத்திலும் துண்டித்த கணத்திலும் மட்டும் மற்றக் கம்பியில் மின்னோட்டம் தோன்றி மறைந்தது. மின்னோட்டம் சீராகப் பாய்ந்த நேரத்தில் எதுவும் நிகழவில்லை. காந்தம் இருப்பதால் மின்சாரம் பிறப்பதில்லை, காந்த நிலை மாறும்போதே பிறக்கிறது என்பதே அந்தச் சிறு அசைவு உணர்த்திய உண்மை. அக்டோபர் 17ஆம் தேதிப் பரிசோதனை அதனை மேலும் உறுதிப்படுத்தியது.

அம்மாத இறுதியில், பெரிய காந்தம் ஒன்றின் துருவங்களுக்கிடையே செப்புத் தகட்டைச் சுழற்றித் தொடர்ச்சியான மின்னோட்டத்தையும் அவர் பெற்றார். நவம்பர் 24ஆம் தேதி ராயல் சொசைட்டியில் இந்த முடிவுகள் வாசிக்கப்பட்டன. அமெரிக்காவில் ஜோசஃப் ஹென்றியும் தனியாகவே இந்த விளைவைக் கண்டிருந்தார். எனினும், முதலில் வெளியிட்டவர் என்ற வகையில் பெருமை ஃபாரடேயைச் சேர்ந்தது. 1832ஆம் ஆண்டிலேயே பாரிஸில் பிக்ஸி என்ற கருவி வினைஞர், கையால் சுழற்றும் மின்னாக்கி ஒன்றைச் செய்துவிட்டார். ஃபாரடே தமது கண்டுபிடிப்புக்குக் காப்புரிமை எதையும் பெறவில்லை.

அரசும் அறிஞரும்

மின்சாரத்தால் என்ன பயன் என்று கேட்ட அமைச்சருக்கு, ஒருநாள் அதன் மீது வரி விதிக்கலாம் என்று ஃபாரடே பதிலளித்ததாக ஒரு கதை உண்டு. அக்காலத்து ஆதாரம் எதுவும் அதற்கு இல்லை. ஆனால், அரசுடன் அவருக்கிருந்த உறவை விளக்க ஆதாரமுள்ள நிகழ்வுகளே போதுமானவை.

1835ஆம் ஆண்டில் அவருக்கு அரசு ஓய்வூதியம் வழங்கும் யோசனை எழுந்தபோது, பிரதமர் மெல்பர்ன் பிரபு அவரை நேரில் அழைத்தார். அறிஞர்களுக்கு ஓய்வூதியம் வழங்கும் வழக்கத்தையே இழித்துரைக்கும் விதத்தில் பிரதமர் பேசினார். ஃபாரடே அன்றே கடிதம் எழுதி ஓய்வூதியத்தை மறுத்துவிட்டார். விவகாரம் பத்திரிகைகளில் வெளியானது. பிரதமர் எழுத்து மூலம் வருத்தம் தெரிவித்த பின்னரே, ஆண்டுக்கு 300 பவுண்டு ஓய்வூதியத்தை அவர் ஏற்றார். கொல்லரின் மகனிடம் நாட்டின் பிரதமர் மன்னிப்புக் கோரியது அக்காலத்தில் சிறிய விடயம் அல்ல.

1844ஆம் ஆண்டு செப்டம்பரில் டரம் மாவட்டத்தின் ஹாஸ்வெல் நிலக்கரிச் சுரங்கத்தில் ஏற்பட்ட வெடிவிபத்தில் ஆண்களும் சிறுவர்களுமாக 95 பேர் உயிரிழந்தனர். அரசு அனுப்பிய ஃபாரடேயும் புவியியலாளர் சார்ல்ஸ் லயலும் விசாரணையில் பங்கேற்றனர். எவர் மீதும் குற்றமில்லை என்றே தீர்ப்பு வந்தது. ஆனால், நிலக்கரித் தூசும் தீப்பிடித்து வெடிப்பைப் பெருக்கியது என்று அவர்களின் அறிக்கை சுட்டிக்காட்டியது. அந்த எச்சரிக்கை உரிய கவனம் பெறப் பல பத்தாண்டுகள் கடந்தன. அதற்குள் வேறு பல சுரங்கங்களிலும் தொழிலாளர்கள் மாண்டனர்.

1855ஆம் ஆண்டு ஜூலையில் தேம்ஸ் நதியில் படகில் சென்றபோது, வெள்ளை அட்டைத் துண்டுகளை நீரில் போட்டு, அவை எவ்வளவு ஆழத்தில் பார்வையிலிருந்து மறைகின்றன என்று அவர் சோதித்தார். மேற்பரப்பிலிருந்து ஓர் அங்குலம் இறங்குமுன்பே அவை மறைந்தன. நதி சாக்கடையாகிவிட்டதை விளக்கி டைம்ஸ் நாளிதழுக்கு அவர் கடிதம் எழுதினார். மூன்றாண்டுகள் கழித்து, துர்நாற்றம் நாடாளுமன்றக் கட்டடத்தையே எட்டிய பிறகுதான் லண்டனின் புதிய கழிவுநீர்க் கால்வாய்களுக்குப் பணம் ஒதுக்கப்பட்டது.

ஒளி தந்த காந்தம்

1836ஆம் ஆண்டு முதல் ஏறத்தாழ முப்பது ஆண்டுகள், கலங்கரை விளக்கங்களை நிர்வகித்த டிரினிட்டி ஹவுஸ் அமைப்புக்கு ஃபாரடே ஆலோசகராக இருந்தார். 1858ஆம் ஆண்டில் டோவர் அருகேயுள்ள சவுத் ஃபோர்லாண்ட் கலங்கரை விளக்கத்தில், ஃபிரெடெரிக் ஹோம்ஸ் அமைத்த மின்னாக்கியைக் கொண்டு மின்விளக்கு ஏற்றப்பட்டது. காந்தமும் கம்பிச் சுருளும் கொண்டு 27 ஆண்டுகளுக்கு முன்னர் தாம் கண்ட முள்ளின் அசைவு, கப்பல்களுக்கு வழிகாட்டும் ஒளியாக மாறியதை அவர் நேரில் ஆராய்ந்து ஒப்புதல் அளித்தார்.

காந்தத்தைச் சுற்றி வெற்றிடமாகத் தோன்றும் இடத்தில் விசைக்கோடுகள் பரவியிருப்பதாக அவர் கருதினார். கணித வடிவம் இல்லாத இந்தக் கருத்தைப் பலர் பொருட்படுத்தவில்லை. அதற்குக் கணித வடிவம் தந்தவர், அவரைவிட நாற்பது வயது இளையவரான ஜேம்ஸ் கிளார்க் மேக்ஸ்வெல். வானொலி அலைகளின் கண்டுபிடிப்புக்கு வழிவகுத்தது அந்தக் கோட்பாடுதான்.

1839ஆம் ஆண்டின் இறுதியில் ஏற்பட்ட உடல்நலக் குறைவுக்குப் பின்னர், மறதி அவரைத் தொடர்ந்து வாட்டியது. மனைவி சாராவின் பராமரிப்பும், முன்னாள் இராணுவச் சார்ஜண்டான ஆண்டர்சன் ஆய்வுக்கூடத்தில் அளித்த உதவியுமே அவரது பணி தொடர்வதற்குத் துணைநின்றன. அந்த நிலையிலும், சிறுவர்களுக்கான கிறிஸ்துமஸ் விரிவுரைகளை அவர் கைவிடவில்லை. 1827ஆம் ஆண்டு தொடங்கி அவர் நிகழ்த்திய அத்தகைய 19 விரிவுரைத் தொடர்களில், ஒரு மெழுகுவர்த்தியைக் கொண்டு வேதியியலை விளக்கிய தொடர் நூலாகி இன்றும் வாசிக்கப்படுகிறது.

சர் பட்டத்தையும் ராயல் சொசைட்டியின் தலைவர் பதவியையும் அவர் மறுத்தார். விக்டோரியா மகாராணி ஹாம்ப்டன் கோர்ட்டில் அளித்த வீட்டில், 1867ஆம் ஆண்டு ஆகஸ்ட் 25ஆம் தேதி காலமானார். ஹைகேட் இடுகாட்டில், ஆங்கிலத் திருச்சபையைச் சேராதோருக்கான பகுதியில் அவரது உடல் அடக்கம் செய்யப்பட்டது. 1991ஆம் ஆண்டில் பிரிட்டனின் 20 பவுண்டு நோட்டில் அவரது படம் இடம்பெற்றது. அந்த நோட்டு 2001ஆம் ஆண்டு வரை புழக்கத்தில் இருந்தது.

ஃபாரடேயின் வாழ்வு தனிமனித முயற்சிக்கு எடுத்துக்காட்டாகக் கூறப்படுவதுண்டு. அது உண்மையே. ஆனால், வாசிக்க அனுமதித்த கடை முதலாளி, ஒரு ஷில்லிங் கொடுத்த அண்ணன், அனுமதிச் சீட்டளித்த வாடிக்கையாளர், கைவினைஞர்களுக்கும் இடமளித்த ஒரு மாலைநேரச் சங்கம் ஆகியவற்றில் ஒன்று தவறியிருந்தாலும் அவர் புத்தகம் கட்டுபவராகவே மறைந்திருக்கக்கூடும். அவ்வாறு மறைந்தவர்கள் எத்தனை பேர் என்பதை எந்த வரலாறும் பதிவு செய்யவில்லை. திறமையைக் கண்டெடுக்கும் பொறுப்பைத் தற்செயலிடம் விட்டுவிடும் எந்தச் சமூகத்துக்கும் அவரது வாழ்வு இன்றும் முன்வைக்கும் கேள்வி அதுவே.