மொழிக்கு உலகு சமைத்த பேராசிரியர்

மொழியை முன்னர்ப் படைத்து, அதனைப் பேசுவோரைப் பின்னர்ப் படைத்த அறிஞர் ஒருவரை ஈண்டு நினைவுகூர விழைகிறோம். அவரே ஜே.ஆர்.ஆர். டோல்கீன்.

இன்றைய தென்னாப்பிரிக்காவில், புளூம்ஃபான்டைன் நகரில் 1892-இல் பிறந்த அவர், 4 வயதில் தந்தையையும் 12 வயதில் தாயையும் இழந்தார். அவருக்கு இலத்தீனை முதலில் கற்பித்தவர் அத்தாயே. 1916-இல் சொம் போர்க்களம் கண்டு, நோயுற்றுத் திரும்பினார். 1925 முதல் 1959 வரை ஆக்சுபோர்டில் பேராசிரியராகத் திகழ்ந்தார்.

ஃபின்னிய மொழியின் ஓசையில் உளம் தோய்ந்து குவென்யாவையும், வெல்ஷ் மொழியைத் தழுவிச் சிந்தாரினையும் ஆக்கினார். இவை மாந்தர் மொழிகளல்ல. எல்ஃப் என்னும் கற்பனை இனத்தாருடையவை. அவற்றின் எழுத்துகளை ஒலியின் பிறப்பிடமும் முயற்சியும் நோக்கி நிரல்படுத்தினார். மெய்யெழுத்தின்மேல் குறியிட்டு உயிரொலியைக் காட்டினார். பிறப்பியல் பயின்ற நம் மாணவர்க்கு இது புதிதன்று.

சொல்லும் இலக்கணமும் மட்டுமே மொழிக்கு உயிராகா. பேசுவோரும் அவர்தம் வரலாறும் துயரும் வேண்டும் என உணர்ந்தார். அவ்வுலகின் பெருங்கதையான 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' 1954-55-இல் வெளிவந்தது. 1973-இல் அவர் மறைந்தபோது முற்றுப்பெறாதிருந்த தொன்மக் கதைகளை, மகன் கிறிஸ்டோபர் 1977-இல் 'சில்மரில்லியன்' என வெளியிட்டார்.

நம் திருப்பூரின் பின்னலாடைக் கூடங்களில் தமிழோடு இந்தியும் ஒடியாவும் வங்கமும் நாளும் ஒலிக்கின்றன. அவற்றை வெற்றொலியெனக் கருதிக் கடந்து செல்வோர் நம்மிற் பலர். இல்லாத மக்களுக்கு வரலாறு தந்தார் டோல்கீன். அருகிருந்து தைப்பவரின் வரலாற்றை நாம் கேட்டதுண்டா? மொழிகளின் வேறுபாட்டை இறைவனின் சான்றென ஏற்போர் நாம். அச்சான்றுக்குச் செவிசாய்த்தல் நம் கடன்.