நட்சத்திரக் கணக்குப் போட்ட சந்திரசேகர்

சுப்பிரமணியன் சந்திரசேகர் 1910-ல் லாகூரில் பிறந்தார். சர் சி.வி. ராமன் இவருக்குச் சித்தப்பா. சென்னை மாநிலக் கல்லூரியில் படித்துவிட்டு 1930-ல் இங்கிலாந்துக்குக் கப்பல் ஏறினார். வயசு 19தான்! கப்பலில் சும்மா இருக்காமல் கணக்குப் போட்டார். எரிந்து முடிந்த நட்சத்திரம் ஒரு அளவுக்கு மேல் கனமாக இருந்தால் வெண்குள்ளனாக நிற்காது, சுருங்கிக்கொண்டே போகும் என்று விடை வந்தது. அந்த அளவு சூரியனைப் போல் சுமார் 1.4 மடங்கு.

1935-ல் லண்டன் சபையில் இதைச் சொன்னார். உடனே பெரிய விஞ்ஞானி எடிங்டன் எழுந்து, அப்படியெல்லாம் நடக்காது என்று கேலி செய்தார். சபையில் ஒரே சிரிப்பு. போர்டில் சரியான விடை போட்டும் கிளாஸே சிரிச்சா நமக்கு எப்படி இருக்கும்? அவர் சண்டை போடவில்லை, எடிங்டனோடு நட்பாகவே இருந்தார். என்னால முடியாதுப்பா!

1983-ல் நோபல் பரிசு கிடைத்தது. 1995-ல் சிகாகோவில் காலமானார். அந்த அளவுக்குப் பெயரே இப்போ சந்திரசேகர் எல்லை.