எஃப்.ஏ. தேறாத கணித மேதை

1904ஆம் ஆண்டில் கும்பகோணம் அரசு கல்லூரியின் எஃப்.ஏ. வகுப்பில் சேர்ந்த மாணவர் ஆங்கிலம், வடமொழி, கணிதம், உடலியல், கிரேக்க உரோமானிய வரலாறு ஆகிய ஐந்தையும் படித்தாக வேண்டும். இரண்டாண்டுப் படிப்பாகிய அது, இன்றைய மேனிலை வகுப்புகளுக்கு ஏறத்தாழ ஒப்பானது. ஒரு பாடத்தில் தவறினாலும் தேர்வு முழுவதிலும் தவறியதாகவே கொள்ளப்படும். அவ்வாண்டு அவ்வகுப்பில் சேர்ந்தவர்களுள் ஒருவர் சீனிவாச இராமானுசன்.

இராமானுசன் 1887 திசம்பர் 22ஆம் நாள் ஈரோட்டில், தாய்வழிப் பாட்டியின் இல்லத்தில் பிறந்தார். தந்தை சீனிவாசர் கும்பகோணத்துத் துணிக்கடை ஒன்றில் கணக்கர், தாய் கோமளத்தம்மாள். சாரங்கபாணி சன்னிதித் தெருவில் இருந்த சிறிய வீட்டில் அவர் வளர்ந்தார். நகர உயர்நிலைப் பள்ளியில் படிக்கும்போது எல்லாப் பாடங்களிலும் நல்ல மாணவராகவே விளங்கினார். கணிதத்திற்காகப் பரிசும் பெற்றார்.

பள்ளியின் இறுதிக் காலத்தில், 1903ஆம் ஆண்டளவில், கார் என்னும் ஆங்கிலேயர் தொகுத்த கணித நூல் ஒன்று அவர் கைக்குக் கிட்டியது. ஏறத்தாழ ஐயாயிரம் கணித முடிவுகளை வரிசைப்படுத்திய நூல் அது. அவற்றுள் பெரும்பாலானவற்றுக்கு விரிவான நிறுவல் இல்லை. நிறுவல் இல்லாத குறையே இராமானுசனுக்கு வாய்ப்பாயிற்று. ஒவ்வொன்றையும் தாமே மெய்ப்பிக்கத் தொடங்கினார். அன்று முதல் வேறெதிலும் அவர் மனம் நிலைக்கவில்லை.

கல்லூரியில் அவருக்கு உதவித்தொகை கிடைத்திருந்தது. ஆயினும் வரலாற்று வகுப்பு நடக்கையிலும் அவர் எண்களிலேயே ஆழ்ந்திருந்தார். ஆங்கிலத்தில் தவறியதும் உதவித்தொகை நின்றது. ஒரு பருவத்திற்குரிய கட்டணம் 32 ரூபாய். தந்தையின் மாத ஊதியமோ 20 ரூபாய் அளவே. 1905 ஆகத்து மாதத்தில் யாரிடமும் சொல்லாமல் விசாகப்பட்டினத்திற்குச் சென்றுவிட்டார். பதினேழு வயது இளைஞர் ஒருவர் தோல்வியை எப்படி எதிர்கொண்டார் என்பதை அப்பயணமே காட்டுகிறது.

மறு ஆண்டு சென்னைப் பச்சையப்பன் கல்லூரியில் சேர்ந்தார். உடல்நலம் குன்றியது. எஃப்.ஏ. தேர்வில் மீண்டும் தவறினார். 1907இல் தனித்தேர்வராக எழுதியபோதும் கணிதம் தவிர்ந்த பாடங்கள் அவரைக் கைவிட்டன. அல்லது அவற்றை அவர் கைவிட்டார் என்று சொல்வதே பொருந்தும்.

தமிழ்நாட்டு இளைஞர் கிரேக்கத்தையும் உரோமையும் ஏன் படிக்க வேண்டியிருந்தது என்னும் வினா இங்கு எழும். 1857இல் நிறுவப்பட்ட சென்னைப் பல்கலைக்கழகம் இலண்டன் பல்கலைக்கழகத்தை முன்மாதிரியாகக் கொண்டது. ஐரோப்பியச் செவ்வியல் வரலாறு அறியாதவர் கற்றவராகார் என்பது அக்காலக் கருத்து. அவ்வரலாறு தமிழருக்கு முற்றிலும் அயலானதும் அன்று. கும்பகோணத்தைக் கடந்து செல்லும் காவிரி கடலைச் சேரும் இடத்தில்தான் யவனர் வாழ்ந்த பூம்புகார் இருந்தது. மதுரை வையையாற்று மணலில் உரோமானியக் காசுகள் கிடைத்துள்ளன. இவ்விணைப்பைச் சொல்லித் தொடங்கியிருந்தால் அம்மாணவர் செவிசாய்த்திருப்பாரோ என்று எண்ணத் தோன்றுகிறது. சாய்த்திருக்கமாட்டார் என்பதே என் கருத்து. குற்றம் வரலாற்றுப் பாடத்தின்மீது இல்லை. ஒரு துறையில் ஒப்பற்றவராக விளங்குபவருக்கு வழிவிட அத்தேர்வு முறையில் இடமில்லை என்பதே குறை.

பட்டம் இல்லை, வேலையும் இல்லை. தாள் வாங்கப் பணம் போதாமையால் கற்பலகையில் கணக்கிட்டு, முழங்கையால் அழித்து, முடிவுகளை மட்டும் குறிப்பேட்டில் எழுதிவைத்தார். 1909இல் சானகியம்மாளை மணந்தார். பின்னர் இந்தியக் கணிதக் கழகத்தைத் தோற்றுவித்த இராமசாமி ஐயரையும், நெல்லூர் ஆட்சியர் இராமச்சந்திர ராவையும் குறிப்பேட்டுடன் சென்று கண்டார். 1912 மார்ச்சு முதல் நாள் சென்னைத் துறைமுகப் பொறுப்புக் கழகத்தில் 30 ரூபாய் ஊதியத்தில் எழுத்தராகச் சேர்ந்தார். அதற்கான விண்ணப்பத்தில், எஃப்.ஏ. வரை படித்ததையும் சூழ்நிலையால் அது தடைப்பட்டதையும் மறைக்காமல் குறிப்பிட்டிருந்தார்.

1913 சனவரியில் கேம்பிரிட்ஜ் கணிதவியலர் ஹார்டிக்கு அவர் எழுதிய மடல் புகழ் பெற்றது. பல்கலைக்கழகக் கல்வி தமக்கு இல்லை என்பதை அதன் தொடக்கத்திலேயே தெரிவித்து, தாம் கண்ட முடிவுகளை அடுக்கியிருந்தார். ஹார்டியும் அவர்தம் நண்பர் லிட்டில்வுட்டும் அவற்றை ஆராய்ந்து வியந்தனர். அதே ஆண்டில் சென்னைப் பல்கலைக்கழகமும் தன் விதியைத் தளர்த்தியது. முதுகலைப் பட்டம் பெற்றோர்க்கே உரிய ஆய்வு உதவித்தொகை, திங்களுக்கு 75 ரூபாயாக, எஃப்.ஏ. தேறாத இராமானுசனுக்கு வழங்கப்பட்டது.

1914 மார்ச்சு 17ஆம் நாள் 'நெவாசா' என்னும் கப்பலில் சென்னையிலிருந்து புறப்பட்டார். சூயசுக் கால்வாய்க்கு அப்பால் நடுநிலக்கடல் விரிகிறது. கிரேக்கத் தீவுகளும், கார்த்தேசு நகரம் இருந்த ஆப்பிரிக்கக் கரையும், இத்தாலியின் தென்முனையை அடுத்த சிசிலியும் அக்கடலில்தான் உள்ளன. எந்த நாடுகளின் வரலாற்றில் தேர்ச்சி பெற இயலவில்லையோ, அந்நாடுகளின் கடல்வழியாகவே அவர் இங்கிலாந்து சென்றார். சிசிலியின் சிரக்கூசு நகரை உரோமானியர் கைப்பற்றிய கி.மு. 212இல் ஆர்க்கிமிடீசு கொல்லப்பட்டார். 96 பக்கங்களையுடைய பலகோணத்தைக் கொண்டு 'பை'யின் மதிப்பை நெருங்கியவர் அவர். அதே 'பை'யின் மதிப்பை மிக விரைவாக நெருங்கும் தொடர்களை இராமானுசன் 1914இல் வெளியிட்டார். கிரேக்க வரலாற்றுக்குள் அவருக்கென்று ஒரு பக்கம் இருந்திருக்கிறது.

ஏப்பிரல் 14ஆம் நாள் இலண்டனை அடைந்தார். நான்கே மாதங்களில் முதல் உலகப்போர் மூண்டது. டிரினிட்டி கல்லூரியின் முற்றம் ஒன்று காயமுற்ற வீரர்களுக்கு மருத்துவமனையாயிற்று. லிட்டில்வுட் போர்ப்பணிக்குச் சென்றார். மரக்கறி உணவையே உண்ணும் இராமானுசன், தாமே சமைத்துக்கொண்டு, பழக்கமில்லாத குளிரில் இரவு பகலாக உழைத்தார். பட்ட ஆய்வில் சேர முன்தகுதிச் சான்று வேண்டும் என்னும் கேம்பிரிட்ஜ் விதியும் அவர்பொருட்டுத் தளர்ந்தது. 1916 மார்ச்சில் ஆய்வின் வழியாக இளங்கலைப் பட்டம் பெற்றார். 1918இல் இலண்டன் அரச கழகத்தின் உறுப்பினராகவும், டிரினிட்டி கல்லூரியின் ஆய்வாளராகவும் தேர்ந்தெடுக்கப்பட்டார். அதற்குள் 1917 முதலே நோய் அவரைப் பற்றியிருந்தது.

1919இல் தாயகம் திரும்பினார். படுக்கையிலும் எழுதுவதை விடவில்லை. 1920 சனவரியில் ஹார்டிக்கு எழுதிய மடலிலும் தாம் புதிதாகக் கண்ட சார்புகளைப் பற்றியே விளக்கியிருந்தார். அவ்வாண்டு ஏப்பிரல் 26ஆம் நாள் சென்னைச் சேத்துப்பட்டில், தம் 32ஆம் வயதில் மறைந்தார். முடிவுகளை மட்டும் எழுதிவைத்த அந்தக் குறிப்பேடுகள் சென்னைப் பல்கலைக்கழக நூலகத்தைச் சேர்ந்தன. 1957இல் பம்பாய் டாட்டா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனம் அவற்றை அவர் கையெழுத்திலேயே இரண்டு தொகுதிகளாகப் பதிப்பித்தது.